வகுப்பில் ஜோக் சொன்னேன், ஒருத்தரும் சிரிக்கவில்லை

11.07.2024 – கேள்வி (ஒரு வாசகி)

ப்ளஸ் ஒன் வேதியியல் எடுக்கிறேன். வேலையில் சேர்ந்து இதுதான் முதல் வருடம். நேற்று ஹைசன்பெர்க் என்ற இயற்பியலாளரின் கோட்பாட்டுப் பாடம் ஆரம்பம். எடுத்ததும் கலகலப்பாக இருக்கட்டுமே என்று ஒரு ஜோக் சொன்னேன். ஹைசன்பெர்க் வேகமாக வண்டி ஓட்டிப் போகிறார். போலீஸ் நிறுத்தி, "எவ்வளவு வேகத்தில் வந்தீங்க, தெரியுமா?" என்று கேட்கிறார். "தெரியாது, ஆனா எங்கே இருக்கேன்னு துல்லியமாத் தெரியும்" என்கிறார் ஹைசன்பெர்க். அறுபது பிள்ளைகள், ஒரு சத்தம் இல்லை. ஃபேன் மட்டும் ஓடுகிறது. அப்புறம் நடு பெஞ்சிலிருந்து ஒரு பையன், "மிஸ், அவர் ஹெல்மெட் போட்டிருந்தாரா?" என்று கேட்டான். வகுப்பே விழுந்து விழுந்து சிரித்தது. எனக்கு முகம் சுண்டிப் போய்விட்டது. பேசாமல் ஜோக் சொல்வதையே விட்டுவிடலாமா?

11.07.2024, இரவு – பதில்

விடவேண்டாம் டீச்சர். முதலில் அந்தப் பையனைக் கவனியுங்கள். அவன் உங்கள் ஜோக்கைக் கெடுக்கவில்லை, அதை நம்மூருக்குக் கொண்டுவந்து சேர்த்திருக்கிறான்.

அந்த ஜோக் நடப்பது அமெரிக்க நெடுஞ்சாலையில். போலீஸ்காரர் காரை ஓரங்கட்டச் சொல்லி, ஜன்னல் பக்கம் குனிந்து, "எவ்வளவு வேகத்தில் வந்தீங்க தெரியுமா" என்று கேட்பது அங்கே சடங்கு மாதிரி. அந்தச் சடங்கை ஆங்கிலப் படத்திலாவது பார்த்துப் பழகியவனுக்குத்தான் ஹைசன்பெர்க்கின் பதில் இடுப்பில் குத்தும். நம் பிள்ளைகள் பார்த்திருக்கிற போலீஸ் வேறு. பாலம் இறங்குகிற இடத்தில் மர நிழலில் இரண்டு பேர் நிற்பார்கள். ஒருவர் கையைக் காட்டுவார். வண்டி நிற்பதற்குள் இன்னொருவர் சாவியை உருவிவிடுவார். ஹெல்மெட் எங்கே, லைசென்ஸ் எங்கே, இன்சூரன்ஸ் இருக்கா. வேகத்தைப் பற்றிப் பேச்சே கிடையாது. அப்பா ஓட்டுகிற மொபெட்டில் பேசும்படியான வேகமும் வராது.

ஆக, உங்கள் கதைக்குள் போலீஸ் வந்ததுமே அறுபது பேர் மனதிலும் ஹெல்மெட்தான் வந்திருக்கும். அவன் வாய்விட்டுக் கேட்டுவிட்டான். வகுப்பு சிரித்தது அதற்குத்தான், உங்களைப் பார்த்து இல்லை.

11.07.2024, படுக்கப் போகுமுன்

ஒன்று கேட்க விட்டுப் போச்சு. கடைசி பெஞ்சுக்கு முதலில் கேட்டதா?

விளையாட்டுக்குக் கேட்கவில்லை. எங்கள் பள்ளியில் பழைய கட்டடத்து ஃபேன் ஒவ்வொரு சுற்றுக்கும் 'டக்' என்று ஒரு சத்தம் போடும். ஜோக்கின் கடைசி வார்த்தையை நாம் இயல்பாகக் குரலைத் தாழ்த்தித்தான் சொல்வோம். அந்த இடத்தில் 'டக்' விழுந்தால் பின்னாடி பாதி வகுப்புக்குக் கதை முடிந்ததே தெரியாது. முன் பெஞ்ச் பிள்ளைகள் சிரிப்பதற்கு முன்னால் திரும்பிப் பின் பெஞ்சைப் பார்ப்பார்கள், அங்கே முகம் மலர்ந்திருக்கிறதா என்று. சிரிப்புக்கு அனுமதி அங்கிருந்துதான் வர வேண்டும். அங்கே ஒருவன் பக்கத்தில் இருப்பவனிடம் "என்னல சொன்னாரு?" என்று கேட்டுக்கொண்டிருந்தால் முன் பெஞ்சும் அடங்கிவிடும்.

திருப்பிச் சொல்லாதீர்கள். இரண்டாம் தடவை சொன்ன ஜோக்குக்குச் சிரித்த வகுப்பை நான் பார்த்ததே இல்லை.

12.07.2024

நேற்று போலீஸ், ஃபேன் என்று சுற்றி வந்துவிட்டேன். முக்கியமான சமாசாரம் கேள்வியின் மூன்றாவது வரியிலேயே இருக்கிறது: "பாடம் ஆரம்பம்."

நிச்சயமின்மைக் கோட்பாடு தெரிந்தவனுக்குத்தான் அந்த ஜோக். இடத்தைத் துல்லியமாக அறிந்தால் உந்தத்தை (நிறையையும் வேகத்தையும் பெருக்கினால் வருவது) துல்லியமாக அறிய முடியாது, 1927-ல் ஹைசன்பெர்க் சொன்னது. இது தெரியாதவனுக்கு அந்தக் கதையில் யாரோ ஒரு ஜெர்மன்காரர் போலீஸிடம் சம்பந்தமில்லாமல் உளறுகிறார், அவ்வளவுதான். பாடத்தைச் சொல்லிக்கொடுக்கும் முன்பே பாடத்தின் ஜோக்கைச் சொல்லிவிட்டீர்கள். பிள்ளைகள் மேல் தப்பில்லை.

டெல் அவீவ் பல்கலைக்கழகத்தில் அவ்னர் ஜிவ் என்று ஓர் உளவியல்காரர் இருந்தார். 1988-ல் வெளிவந்த அவருடைய ஆய்வு, புள்ளியியல் வகுப்புகளில் நடந்தது. புள்ளியியல்! அதைவிட வறண்ட இடம் கிடைக்காது. ஒரு பருவம் முழுக்க ஒரு பிரிவுக்குப் பாடத்தோடு ஒட்டிய நகைச்சுவை, இன்னொரு பிரிவுக்கு வெறும் பாடம். கடைசித் தேர்வில் முதல் பிரிவு நன்றாகச் செய்தது. எனக்குப் பிடித்தது அவர் வைத்த வரிசை. முதலில் கருத்தைச் சொல்லிக்கொடுப்பது. பிறகு அதைத் தொட்டு ஒரு ஜோக் அல்லது கேலிச்சித்திரம். பிறகு அதே கருத்தை வேறு வார்த்தைகளில் இன்னொரு தரம். ஜோக் நடுவில் வருகிறது. முன்னால் இருப்பது அதற்கு அடித்தளம், பின்னால் வருவது சிதறிப்போன கவனத்தைத் திருப்பிக் கூட்டிவருவது.

நாம் செய்வது தலைகீழ். "ஒரு ஜோக்கோட ஆரம்பிக்கலாம்" என்பது மேடைப் பேச்சாளர்களிடமிருந்து ஒட்டிக்கொண்ட பழக்கம். அவர்களுக்குத் தேர்வு கிடையாது.

13.07.2024

கேட்டவர் கீழே ஒரு வரி போட்டிருக்கிறார்: "சரி, செத்துப் போன ஜோக்கை இனி என்ன செய்ய?"

கணக்காக மாற்றுங்கள். நான் செய்வது இது. ஹைசன்பெர்க்கை பைக்கில் ஏற்றுகிறேன் (ஹெல்மெட்டோடு). வண்டியும் ஆளும் சேர்ந்து 200 கிலோ. அவர் இருக்கும் இடம் 1 மீட்டர் துல்லியத்துக்குத் தெரியும். வேகத்தில் வரும் நிச்சயமின்மை குறைந்தது எவ்வளவு? எச்-ஐ (பிளாங்க் மாறிலி) நான்கு பையால் (4π) வகுத்து, அதை நிறையாலும் இடத்தாலும் வகுக்க வேண்டும். விடை விநாடிக்கு சுமார் 2.6 பெருக்கல் 10-ன் மைனஸ் 37 அடுக்கு மீட்டர்.

அடுக்கு எழுதி முடித்துவிட்டால் பிள்ளைகளுக்கு ஒன்றும் உறைக்காது. நான் அதை விரித்து எழுதுவேன். சுழியம், புள்ளி, அப்புறம் சுழியம், சுழியம் என்று கரும்பலகையின் இந்த ஓரத்திலிருந்து அந்த ஓரத்துக்கு. பத்துப் பன்னிரண்டு ஆனதும் வகுப்பு எண்ண ஆரம்பிக்கும். இருபதில் கோரஸாகிவிடும். சாக்பீஸ் ஒடியும். பலகை முடிந்துபோய் கதவு நிலை வரைக்கும் போவேன். முப்பத்தாறு சுழியம் முடிந்து 26 என்று எழுதும்போது கடைசி பெஞ்சிலிருந்து சிரிப்பு வரும், கூடவே கைதட்டலும். அப்போது சொல்வேன்: "ஸ்பீடோமீட்டர் இவ்வளவுதான் தப்பாக் காட்டும். போலீஸ் விடுவாரா?" விடமாட்டார்.

உடனே எலக்ட்ரான். அதை 1 ஆங்ஸ்ட்ராமுக்குள் (சுமார் ஓர் அணுவின் அளவு) அடைத்தால் வேகத்தின் நிச்சயமின்மை விநாடிக்கு 580 கிலோமீட்டர் போல வரும். சென்னைக்கும் திருநெல்வேலிக்கும் உள்ள தூரத்துக்குக் கொஞ்சம் குறைவு, ஒரே விநாடியில். கோட்பாடு எலக்ட்ரானுக்கு ஏன் முக்கியம், பைக்குக்கு ஏன் இல்லை என்பது இந்த இரண்டு விடைகளையும் பக்கத்தில் பக்கத்தில் பார்த்தாலே விளங்கிவிடும். யோசித்துப் பார்த்தால் அந்த அமெரிக்க ஜோக்கிலேயே பிழை இருக்கிறது. ஹைசன்பெர்க் பொய் சொல்லியிருக்கிறார்.

13.07.2024, மறுபடியும்

சிரிப்பு வராத அந்த ஐந்து விநாடியைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் சரிப்படாது.

அந்த நேரத்தில் ஆசிரியர்கள் செய்வது பெரும்பாலும் மூன்று காரியம். "புரியலையா?" என்று கேட்டு விளக்கம் சொல்வது. "சிரிங்கடா கொஞ்சம்" என்று கெஞ்சுவது. மூன்றாவது, "உங்களுக்கெல்லாம் மூளை இருந்தாத்தானே" என்று வகுப்பின் மேல் பாய்வது. மூன்றாவதை யாரும் மன்னிக்க மாட்டார்கள். முதல் இரண்டும் பாவம்தான், ஆனால் வருடக் கடைசி வரை மிமிக்ரி செய்து காட்டப் பிள்ளைகளுக்குச் சரக்கு கிடைத்துவிடும்.

நான் பலகைப் பக்கம் திரும்பி அடுத்த தலைப்பை எழுதுவேன். எழுதி முடித்துத் திரும்பும்போது யாருக்கும் நினைவிருக்காது. பலகையின் பெரிய பயன் அதுதான், முகத்தைத் திருப்பிக்கொள்ள ஒரு மரியாதையான இடம். ஸ்மார்ட் போர்டில் இந்த வசதி இல்லை, அதில் விரலால் தொட்டுவிட்டு வகுப்பைப் பார்த்தேதான் நிற்க வேண்டியிருக்கிறது.

15.07.2024

இன்று காமராசர் பிறந்தநாள், கல்வி வளர்ச்சி நாள் விழா. மேடையில் ஒரு சிறப்பு விருந்தினர். வெயில், ஷாமியானா. மூன்று ஜோக் சொன்னார். மூன்றுக்கும் ஆசிரியர் வரிசை முழுக்கச் சிரித்தது. தலைமை ஆசிரியர் முதலில், அவரைப் பார்த்து உதவித் தலைமை ஆசிரியர், அப்படியே வரிசையாக. கடைசியில் இருந்த இளைய ஆசிரியருக்கு வரும்போது விருந்தினர் அடுத்த விஷயத்துக்குப் போய்விட்டார், இவர் அப்போதும் சிரித்துக்கொண்டிருந்தார். பிள்ளைகள் எங்களைத்தான் வேடிக்கை பார்த்தார்கள்.

சிரிக்காத வகுப்பைவிட இது மோசம் என்பது என் கட்சி. ஆலிவர் கோல்ட்ஸ்மித் 1770-ல் எழுதிய நெடுங்கவிதை ஒன்றில் ஒரு கிராமத்து வாத்தியார் வருவார். பிள்ளைகள் காலையில் அவர் முகத்தைப் பார்த்தே அன்றைய பொழுது எப்படிப் போகும் என்று கணித்துவிடுவார்கள். அவர் நிறைய ஜோக் சொல்வார், அவ்வளவுக்கும் பிள்ளைகள் போலியாகக் குதூகலித்துச் சிரிப்பார்கள். பிரம்புக்குப் பயந்த சிரிப்பு. அந்த வாத்தியாருக்குத் தன் ஜோக் நன்றாயில்லை என்று கடைசி வரை தெரிந்திருக்காது.

உங்கள் வகுப்பு உங்களுக்குப் பயந்து சிரிக்கவில்லை டீச்சர். முதல் வருடத்தில் அது பெரிய விஷயம்.

16.07.2024

ஆராய்ச்சி, ஆராய்ச்சி என்று எழுதுவதாக ஒருவர் கிண்டல் செய்திருக்கிறார். இன்னும் ஒன்று இருக்கிறது, பொறுத்துக்கொள்ளுங்கள். ராபர்ட் ப்ரொவைன், மேரிலாந்தில் இருந்த நரம்பியல் விஞ்ஞானி. கடைவீதி, நடைபாதை என்று மக்கள் பேசும் இடங்களில் ஒட்டுக்கேட்டு 1200 சிரிப்புகளைக் குறித்துக்கொண்டார்கள், அவரும் அவருடைய மாணவர்களும். எதற்குச் சிரிக்கிறார்கள் என்று பார்த்தால், ஜோக் என்று சொல்லும்படியான ஒன்றுக்குப் பிறகு வந்த சிரிப்பு 20 சதவீதம்கூட இல்லை. மற்றதெல்லாம் "சரி, அப்புறம் பார்க்கலாம்", "நீயும் வந்துட்டியா" போன்ற சாதாரணப் பேச்சுக்கு வந்தது. கேட்பவரைவிடப் பேசுபவர்தான் அதிகம் சிரிக்கிறார். தனியாக இருக்கும்போது சிரிப்பதைப் போல 30 மடங்கு, கூட ஆள் இருக்கும்போது சிரிக்கிறோம்.

இதை வைத்து என் பழைய கேள்வி ஒன்றுக்கு விடை கிடைத்தது. ஒரே ஜோக், ஒரே நான், ஜூலையில் எடுபடாது, நவம்பரில் எடுபடும். ஏன்? ப்ளஸ் ஒன் வகுப்பை ஜூலையில் பாருங்கள். பத்தாவது முடித்து நாலைந்து பள்ளிகளிலிருந்து வந்தவர்கள். சயின்ஸ் குரூப் கிடைத்துவிட்டதே என்று பயந்துபோனவர்கள். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவன் பெயர் சரியாகத் தெரியாது. அறுபது பேர் இருக்கிறார்கள், ஆனால் யாருக்கும் துணை இல்லை. அறுபது பேரும் தனித்தனியாக இருக்கிறார்கள். தனியாக இருப்பவன் சிரிக்க மாட்டான். ஹெல்மெட் பையன் கேட்ட கேள்விக்குப் பிறகுதான் உங்கள் வகுப்பு முதன்முதலாக ஒன்றாகச் சிரித்திருக்கும் என்று நினைக்கிறேன். பேசிப் பாருங்கள், இந்த வாரம் அவர்கள் கொஞ்சம் வேறு மாதிரி இருப்பார்கள்.

20.07.2024

நான்சி பெல் என்று ஒரு மொழியியலாளர், வாஷிங்டன் மாநிலப் பல்கலைக்கழகம். எடுபடாத ஜோக்கைப் பற்றியே ஆராய்ச்சி செய்தவர். மட்டமான ஜோக் ஒன்றைத் தேர்ந்தெடுத்து, மாணவர்களை விட்டு ஊரெல்லாம் சொல்லவைத்து, கேட்டவர்கள் என்ன சொன்னார்கள் என்று குறித்துக்கொண்டார். அந்த ஜோக்: பெரிய புகைபோக்கி சின்னப் புகைபோக்கியிடம் என்ன சொன்னது? ஒன்றும் சொல்லவில்லை. புகைபோக்கி பேசாது.

சும்மா இருக்க முடியவில்லை, நானும் சொல்லிப் பார்த்தேன். புதிதாகச் சேர்ந்த கணக்கு ஆசிரியர் "நல்லாயிருக்கு சார்" என்று மரியாதையாகப் புன்னகைத்தார். செங்கல் சூளையில் வேலை பார்த்த எங்கள் வாட்ச்மேன், "எந்தச் சூளையில சார்?" என்று கேட்டார். ப்ளஸ் டூ வகுப்பில் "மொக்க சார்ர்ர்" என்று கூரை அதிர்ந்தது. வீட்டில் என் மகள் போனிலிருந்து தலையைத் தூக்காமல், "அப்பா, நீங்க ரிட்டயர் ஆக இன்னும் எத்தனை வருஷம்?" என்றாள்.

பெல் கண்டதும் இதுதான். அந்நியர்கள் நாகரிகமாக நடந்துகொள்கிறார்கள், நெருங்கியவர்கள்தான் கிழிகிழி என்று கிழிக்கிறார்கள். உறவு முறியாது என்ற தைரியம் இருப்பவனுக்குத்தான் முகத்துக்கு நேராக "மொக்கை" என்று சொல்ல வரும். அப்படிப் பார்த்தால் வகுப்பின் நிசப்தம் மரியாதை. "மொக்க சார்" என்பது உரிமை. எனக்கு இரண்டாவது போதும்.

என் ஆசிரியர்கள் காலத்தில் இதற்கு அறுவை, ரம்பம் என்று பெயர். அப்புறம் பிளேடு வந்தது, கடி வந்தது. இப்போது மொக்கை, கிரிஞ்ச். ஆயுதம் மழுங்கிக்கொண்டே வருகிறது.

21.07.2024, ஞாயிறு

தமிழாசிரியர் ஒருவர் (எங்கள் ஸ்டாஃப் ரூமில் ஜன்னல் ஓர நாற்காலி அவருடையது) இந்தப் பேச்சைக் கேட்டுவிட்டுத் தொல்காப்பியத்தை எடுத்துப் போட்டார். மெய்ப்பாட்டியலில் எட்டு மெய்ப்பாடுகளில் (வெளியே தெரியும் உணர்ச்சிகளில்) முதலில் வைத்திருப்பதே நகையை, அதாவது சிரிப்பைத்தான். அந்த நகை எதிலிருந்து பிறக்கும் என்றும் சூத்திரம் இருக்கிறது: எள்ளல், இளமை, பேதைமை, மடன் என்று நான்கு.

வகுப்பறையில் நூற்றுக்கு நூறு எடுபடுவது எள்ளல். அதில்தான் ஆபத்து. விடைத்தாள் கொடுக்கும்போது ஒரு பையனைப் பார்த்து, "உன் பேப்பரை எடைக்குப் போட்டாக்கூட இத்தனை மார்க் வராதுடே" என்று ஓர் ஆசிரியர் சொன்னார், நான் படித்த காலத்தில். வகுப்பு குலுங்கியது. அந்தப் பையனும் சிரித்தான், அவனுக்கு வேறு வழி இல்லை. மறுநாளிலிருந்து அவன் முதல் பெஞ்சை விட்டுக் கடைசிக்குப் போய்விட்டான். அந்த ஆசிரியர் 'ஜாலியான சார்' என்று ஊரெல்லாம் பெயர். பிள்ளையின் நிறம், உடம்பு, அப்பாவின் தொழில், பேச்சுத் திக்கல், இவற்றை வைத்துச் சொல்கிற எதுவும் விழவே விழாது. அதனால்தான் அது கெட்ட பழக்கமாகிறது. உங்கள் ஹைசன்பெர்க் விழுந்ததில் யாருக்கும் காயமில்லை.

தமிழய்யா இன்னொன்றும் சொன்னார். பேராசிரியர் என்ற பழைய உரைகாரர் தொல்காப்பியத்துக்கு எழுதிய உரையில் எள்ளல் இரண்டு வகை: தான் பிறரை எள்ளி நகுதல், பிறரால் எள்ளப்பட்டபோது தான் நகுதல். இரண்டாவது நமக்காகவே எழுதிவைத்தது போலிருக்கிறது. ஹெல்மெட் கேள்வி வந்தபோது நீங்களும் சிரித்தீர்களா டீச்சர்? அதைச் சொல்லவே இல்லையே.

24.07.2024

கொரோனா காலத்தை யாரும் இன்னும் தொடவில்லை. 2020-ல் ஆன்லைன் வகுப்பு. எல்லோரும் மியூட். வீடியோவும் அணைத்திருக்கும், டேட்டா தீர்ந்துவிடுமே. கறுப்புக் கட்டங்களில் முதலெழுத்துகள். மோல் கணக்கு எடுக்கும்போது ஒரு ஜோக் சொன்னேன். ஒன்றுமில்லை. தண்ணீர் குடித்தேன். அவகாட்ரோ எண்ணுக்குப் போய்விட்டேன், 6.022 என்று சொல்லும்போது சாட்டில் வரிசையாக விழுகிறது: "ஹா ஹா சார்", "சூப்பர் சார்", ஒரு சிரிப்புப் பொம்மை. அவகாட்ரோ எண் இவ்வளவு கலகலப்பான விஷயமாக எனக்குத் தோன்றியதே இல்லை.

ஒரு பையன் மட்டும் மைக் அணைக்காமல் இருந்தான். அவன் வீட்டுக் கோழி ஒன்று சரியான நேரத்தில் குரல் கொடுத்தது. அந்தப் பீரியடில் நிஜமாக எல்லோரும் சிரித்தது அதற்குத்தான், ஒவ்வொருவராக மைக்கைத் திறந்து சிரித்தார்கள்.

28.07.2024

12-ந் தேதி எழுதியதில் ஒரு திருத்தம். ஜிவ் சொன்னது மதிப்பெண் கூடியது என்று. அதைப் படித்துவிட்டு ஒருவர், "அப்போ எல்லாப் பாடத்துக்கும் ஜோக் தயார் பண்ணிவிடலாம்" என்று கிளம்பியிருக்கிறார். நில்லுங்கள். 1977-ல் கேப்லனும் பாஸ்கோவும் செய்த ஆய்வு இருக்கிறது. பாடம் முடிந்த உடனே வைத்த தேர்வில் நகைச்சுவையால் ஒரு லாபமும் தெரியவில்லை. ஆறு வாரம் கழித்து வைத்தபோதுதான் வித்தியாசம் தெரிந்தது, அதுவும் எந்தக் கருத்தோடு ஜோக் ஒட்டியிருந்ததோ அந்தக் கருத்தில் மட்டும். ஜோக் எங்கே ஒட்டுகிறதோ அது நிற்கும். சம்பந்தமில்லாத இடத்தில் ஒட்டினால் ஜோக் மட்டும் நிற்கும்.

நன்னூலில் பவணந்தியார் கடைசித் தர மாணாக்கருக்கு நான்கு உவமை சொல்கிறார்: இல்லிக்குடம், ஆடு, எருமை, நெய்யரி. நெய்யரி என்றால் நெய்யைக் கீழே விட்டுவிட்டுக் கசண்டை மட்டும் பிடித்துவைத்துக்கொள்ளும் வடிகட்டி. பழைய மாணவர்கள் கல்யாணப் பத்திரிகை கொடுக்க வருவார்கள். "சார், நீங்க சொன்ன அந்த யானை ஜோக்!" என்பார்கள். யானை எந்தப் பாடத்துக்காக வந்தது என்று கேட்டால் முழிப்பார்கள். அது கரைசல்களின் செறிவு. யானையைக் கட்டியிருக்கக் கூடாது, யானை நின்றுவிட்டது, பாடம்தான் போய்விட்டது.

பவணந்தியார் இதில் மாணாக்கரைக் குற்றம் சொல்கிறார். கசண்டைக் கலந்து ஊற்றினவனைப் பற்றி அந்தச் சூத்திரத்தில் ஒன்றுமில்லை.

28.07.2024, பின்குறிப்பு

"இன்ஸ்பெக்ஷன் அன்று ஜோக் சொல்லலாமா?" என்று தனியாகக் கேட்டவருக்கு: சொல்லாதீர்கள். எங்கள் பள்ளியில் அதிகாரிகள் வந்து பின்னால் உட்கார்ந்திருந்தபோது நான் சொன்னேன். பிள்ளைகள் என்னைக் காப்பாற்ற முடிவு செய்துவிட்டார்கள். வகுப்புத் தலைவன் "எலே, சிரிங்கலே" என்று கிசுகிசுத்தது எனக்கே கேட்டது. கதை பாதியில் இருக்கும்போதே, போலீஸ் இன்னும் வண்டியை நிறுத்தவே இல்லை, அறுபது பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். மீதிக் கதையை என்ன செய்வது என்று தெரியாமல் நான் நின்றேன். குறிப்பேட்டில் "மாணவர்கள் ஆர்வத்துடன் பங்கேற்கிறார்கள்" என்று எழுதிவிட்டுப் போனார்கள்.

03.08.2024

நேற்று ப்ளஸ் டூவில் நடந்ததைச் சொல்லாமல் இருக்க முடியவில்லை. மந்த வாயுக்கள் (ஆர்கான் போல, எளிதில் வினைபுரியாத வாயுக்கள்) பாடத்தில் ஒவ்வொரு வருடமும் நான் சொல்கிற ஒன்று உண்டு: "ஆர்கான்கிட்ட ஒரு ஜோக் சொன்னேன், ரியாக்ஷனே இல்லை." இது எங்கள் பள்ளியில் பரம்பரைச் சொத்து. அக்கா தங்கைக்குச் சொல்லி, அண்ணன் தம்பிக்குச் சொல்லி, நான் "ஆர்கான்" என்று வாயெடுத்ததுமே "வந்திருச்சுடா" என்று முனகல் கிளம்பும். யாரும் சிரிப்பதில்லை. ஆனால் சொல்லாமல் விட்டால் "சார், ஆர்கான்?" என்று ஞாபகப்படுத்துவார்கள்.

நேற்றும் சொன்னேன், வழக்கம்போல முனகினார்கள். நல்ல பெண் ஒருத்தி, எப்போதும் வாயே திறக்காதவள், எழுந்தாள். "சார், செனான் வினைபுரியுமே. இதே பாடத்துலதான் செனான் டைஃபுளூரைடு இருக்கு. அப்போ அந்த ஜோக்கைச் செனானை வெச்சுச் சொன்னா தப்பாயிரும்ல?"

சரியான கேள்வி. 1962-ல் நீல் பார்ட்லெட் செனானைப் பிளாட்டினம் ஹெக்ஸாஃபுளூரைடோடு வினைபுரிய வைத்து, மந்த வாயுக்கள் சேர்மமே தராது என்ற நம்பிக்கையை உடைத்தார். ஆர்கானையும் விடவில்லை, 2000-ல் ஹெல்சிங்கியில் கடுங்குளிரில் ஆர்கான் ஃபுளூரோஹைட்ரைடு உண்டாக்கிக் காட்டினார்கள். அவளிடம் இதைச் சொன்னதும், "அப்போ உங்க ஜோக் இரண்டாயிரத்துலயே காலாவதி ஆயிருச்சு சார்" என்றாள். வகுப்பு இரண்டு நிமிடம் அடங்கவில்லை. மேசையைத் தட்டினார்கள். பக்கத்து வகுப்பிலிருந்து ஆள் வந்து பார்த்தார்.

ஜோக் சொல்லி இவ்வளவு சிரிப்பு நான் வாங்கியதில்லை. அதை அவள்தான் வாங்கினாள், அதுவும் பாடத்தின் நடு மையத்தில் நின்றுகொண்டு. தேர்வில் செனான் சேர்மம் வந்தால் அந்த வகுப்பில் ஒருவரும் விடமாட்டார்கள்.

04.08.2024

கேட்ட டீச்சர் பதில் போட்டிருக்கிறார். ஹெல்மெட் கேள்விக்கு அவர் அப்போது சிரிக்கவில்லையாம், வீட்டுக்குப் போய்க் கணவரிடம் சொல்லும்போது சிரித்தாராம். கணக்கைப் போட்டுக் காட்டினாராம், சுழியம் முப்பதைத் தாண்டும்போது பெல் அடித்துவிட்டதாம். மறுநாள் வந்ததும், "மிஸ், இன்னும் ஆறு சுழியம் பாக்கி" என்று முதல் பெஞ்ச் சொன்னதாம். நல்ல வகுப்பு அது, விட்டுவிடாதீர்கள்.

அடுத்து அவருக்குத் தனிமங்களின் ஆவர்த்தன வகைப்பாடு. எதாவது ஜோக் இருந்தால் கொடுங்கள் என்கிறார். என்னுடையது காலாவதி ஆகிவிட்டது, மேலே பார்த்தீர்கள். யாரிடமாவது அந்த ஆவர்த்தன அட்டவணையை உண்டாக்கிய மெண்டலீவை வைத்து ஒன்று இருந்தால் கீழே போடுங்கள், போலீஸ் வராததாக.